நீல மருந்து: மெதிலீன் நீலம் பற்றி மருந்தக மேசையில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஹட்டனில் ஒரு மருந்தகத்தில் மருந்தாளராக இருக்கிறேன். மேசைக்கு அந்தப் பக்கம் நிற்பவர்கள் பெரும்பாலும் தோட்டத்து மக்கள். திக்கோயா, மஸ்கெலியா, பொகவந்தலாவைப் பக்கத்திலிருந்து பஸ் ஏறி வருகிறவர்கள். சில காலமாக அவர்களிடமிருந்து ஒரு கேள்வி விடாமல் வருகிறது: "மிஸ், இந்த நீல மருந்து நல்லதா?" கேட்டுவிட்டுக் கைத்தொலைபேசியில் ஒரு காணொளியைக் காட்டுவார்கள். யாரோ ஒருவர் தண்ணீரில் நீலச் சொட்டுகளை விட்டுக் குடித்துவிட்டு, நீலமாகிப்போன நாக்கை நீட்டிக் காட்டுவார். மூளைக்கு நல்லது, களைப்புப் போகும், புற்றுநோய் அண்டாது என்று கீழே எழுதியிருக்கும்.

அது உண்மையான மருந்துதான். சரியான நோயாளிக்குச் சரியான நேரத்தில் கொடுத்தால் உயிரை மீட்கிற மருந்து. அப்படியிருந்தும் வீட்டில் வைத்துக் குடிக்காதீர்கள் என்று ஏன் சொல்கிறேன் என்பதை மேசையில் நின்றபடி இரண்டு நிமிடத்தில் விளக்க முடிவதில்லை. பின்னால் வரிசை நீளமாக இருக்கும், கடைசி பஸ்ஸுக்கு நேரமாகியிருக்கும். அதனால் இங்கே எழுதுகிறேன்.

இது வெள்ளைத் துணிக்குப் போடும் நீலமா?

இல்லை. துணிக்குப் போடும் நீலம் வழக்கமாக அல்ட்ராமரைன் என்ற நிறத்தூள். அது தண்ணீரில் கரைவதில்லை. நுண்ணிய துகளாக மிதந்து துணியில் ஒட்டிக்கொள்ளும். மெதிலீன் நீலம் கரைகிற சாயம். தூளாக இருக்கும்போது கரும்பச்சையாக மினுங்கும், தண்ணீர் பட்டதும் ஆழ்ந்த நீலமாக விரியும். கடுகளவு போதும், ஒரு வாளித் தண்ணீர் நிறம் மாறிவிடும். இரண்டுக்கும் பொதுவாக இருப்பது நிறம் மட்டுமே.

சாயம் எப்படி மருந்தாயிற்று?

நமக்குச் சாயம் என்றால் முதலில் நினைவுக்கு வருவது பால் சேர்க்காத தேநீரான சாயத்தண்ணீர்தான். இந்தச் சாயம் துணிக்கென்று பிறந்தது. ஜெர்மனியில் 1876ஆம் ஆண்டு ஹைன்ரிஷ் காரோ என்ற வேதியியலாளர் இதைத் தயாரித்தார். ஆடைகளை நிறமாக்க வந்த பொருளை ஆய்வுகூடத்தில் இருந்தவர்கள் கண்ணாடித் தட்டுக்குக் கொண்டுபோனார்கள். 1882இல் ரொபர்ட் கொக் காசநோய்க் கிருமியைக் கண்டுபிடித்தபோது அதற்கு நிறமேற்றப் பயன்படுத்திய சாயங்களில் இதுவும் ஒன்று. இன்றும் மார்புச்சளியைப் பரிசோதிக்கும் ஆய்வுகூடங்களில் காசநோய்க் கிருமி சிவப்பாகவும் அதன் பின்னணி நீலமாகவும் தெரிவதற்கு இதே சாயத்தைத்தான் பூசுகிறார்கள்.

பால் எர்லிக் என்ற மருத்துவர் இதைப் பார்த்து வேறொன்றை யோசித்தார். ஒரு சாயம் உடலின் மற்றப் பாகங்களை விட்டுவிட்டுக் கிருமியை மட்டும் தேடிப்போய்ப் பிடிக்கிறது என்றால், அந்தக் கிருமியைக் கொல்லவும் அதனால் முடியாதா? 1891இல் பேர்லினில் அவரும் பால் குட்மனும் மலேரியா நோயாளிகள் இருவருக்கு மெதிலீன் நீலம் கொடுத்தார்கள், இருவரும் தேறினார்கள். ஆய்வுகூடத்தில் செய்யப்பட்ட ஒரு பொருள் மலேரியாவுக்கு மருந்தாகக் கொடுக்கப்பட்டது அதுவே முதல் தடவை. பின்னால் வந்த மனநோய் மருந்தான குளோர்ப்ரோமசீனும் இந்தச் சாயத்தின் மூலக்கூறில் உள்ள பீனோதயசீன் என்ற அதே எலும்புக்கூட்டைக் கொண்டதுதான். ஆகவே "வெறும் சாயம்தானே, என்ன செய்துவிடப் போகிறது" என்று நினைப்பதும் தவறு. மூளை வரைக்கும் போகிற பொருள் இது.

அப்படியானால் இன்று எந்த நோய்க்கு இது மருந்து?

முதன்மையாக ஒரே ஒரு நிலைக்கு: மெத்தீமோகுளோபின் மிகுதல். பெயர் வாயில் நுழையாது. விடயம் அவ்வளவு கடினமில்லை.

நமது குருதிக்கு நிறம் தருகிற ஈமோகுளோபினில் இரும்பு இருக்கிறது. நுரையீரலில் ஒட்சிசனைப் பிடித்து, கை, கால், மூளை என்று கொண்டுபோய் இறக்குவது அதன் வேலை. அந்த இரும்பு தன்னிடமுள்ள ஓர் இலத்திரனை இழந்துவிட்டால் ஒட்சிசனைப் பிடிக்க முடியாமல் போகும். அப்படிப் பழுதானதைத்தான் மெத்தீமோகுளோபின் என்கிறோம். எல்லோருடைய உடலிலும் இது நூற்றுக்கு ஒன்று என்ற அளவில் இருந்துகொண்டே இருக்கும். செங்குழியத்துக்குள் உள்ள ஒரு நொதியம் அதை அவ்வப்போது பழுது பார்த்துவிடும். சில மருந்துகளும் நஞ்சுகளும் உள்ளே போனால், பழுதாகும் வேகம் பழுது பார்க்கும் வேகத்தை மிஞ்சிவிடுகிறது.

கொழுந்து நிறுக்கும் மடுவத்தை நினைத்துக்கொள்ளுங்கள். பத்துப் பேர் கொழுந்து சுமக்கும் மலையில் மூன்று பேர் வெறுங்கூடையோடு நடக்கிறார்கள். அது மட்டுமானால் எடை குறையும், அவ்வளவுதான். ஆனால் இந்த நோயில் மிச்சம் ஏழு பேரும் மடுவத்துக்கு வந்து சேர்ந்தும் கூடையை இறக்க மறுக்கிறார்கள். பழுதான ஈமோகுளோபின் பக்கத்தில் இருந்தால், நல்ல ஈமோகுளோபினும் பிடித்த ஒட்சிசனை எளிதில் விட்டுக்கொடுக்காது. அதனால்தான் அதே அளவு குருதிச் சோகையைவிட இதில் மூச்சு வாங்குதல் அதிகம்.

நூற்றுக்குப் பத்துப் பதினைந்து அளவுக்கு வந்தாலே உதடும் நகமும் நீலம் பாரிக்கும். இருபது முப்பதைத் தாண்டினால் தலைவலி, தலைச்சுற்று, மூச்சிரைப்பு. ஐம்பதைத் தாண்டினால் நினைவு தடுமாறும், வலிப்பு வரலாம், இதயத் துடிப்புத் தாளம் தவறும். எழுபதைத் தாண்டினால் பெரும்பாலும் உயிர் தங்காது.

மெதிலீன் நீலம் இங்கேதான் வேலை செய்கிறது. செங்குழியத்துக்குள் அதிகம் பயன்படாமல் ஒதுங்கியிருக்கும் இன்னொரு நொதியம் இருக்கிறது. அது மெதிலீன் நீலத்துக்கு இலத்திரனைக் கொடுக்கிறது. வாங்கிக்கொண்டதும் நீலம் நிறமற்றதாகிவிடுகிறது. நிறமிழந்த அந்தச் சாயம், வாங்கியதைப் பழுதான இரும்புக்குக் கொடுத்துவிட்டு மறுபடியும் நீலமாகிறது. இப்படி வாங்குவதும் கொடுப்பதுமாகச் சுழன்று, ஒரு மணித்தியாலத்துக்குள் நோயாளியின் நிறத்தைத் திருப்பிக் கொண்டுவந்துவிடும்.

அமெரிக்காவின் கென்டக்கி மலைப்பகுதியில் தலைமுறை தலைமுறையாக நீலத் தோலோடு பிறந்தவர்களைக் கொண்ட ஒரு குடும்பம் இருந்தது. பழுது பார்க்கும் நொதியம் அவர்களுக்குப் பிறவியிலேயே குறைவு. 1960களில் மடிசன் காவைன் என்ற மருத்துவர் அவர்களுக்கு இந்த நீலச் சாயத்தை ஏற்றினார். சில நிமிடங்களில் அவர்களது தோல் நீலம் மறைந்து இளஞ்சிவப்பானது. நீலத்தைப் போக்க நீலம் என்பது காதுக்குப் புதுமையாக இருக்கலாம், மேலே சொன்ன இரசாயனம் தெரிந்தால் அதில் மாயமில்லை.

நுவரெலியாக் குளிரில் எங்கள் உதடும் நீலமாகிறதே, அது இந்த நோயா?

இல்லை. மார்கழிக் குளிரில் விரல் நுனியும் உதடும் நீலமாவது, அங்கே குருதியோட்டம் குறைவதால். கம்பளியால் போர்த்தி, அடுப்பருகே உட்கார்ந்து, கையைத் தேய்த்தால் மாறிவிடும். மெத்தீமோகுளோபின் நீலம் சூட்டுக்கு மாறாது. ஒட்சிசன் கொடுத்தாலும் மாறாது.

வார்டில் இதைக் கண்டுபிடிக்க ஓர் எளிய வழி உண்டு. பயிற்சிக் காலத்தில் நான் நேரில் பார்த்தேன். வெள்ளை வடிதாளில் நோயாளியின் குருதி ஒரு சொட்டு, பக்கத்தில் தாதி ஒருவரின் குருதி ஒரு சொட்டு. தாதியின் சொட்டு காற்றுப் பட்டதும் பளிச்சென்று சிவந்தது. நோயாளியுடையது, அதிக நேரம் கொதித்த சாயத்தண்ணீர் போல, சொக்லேட் பழுப்பிலேயே உறைந்து கிடந்தது. தாளை அசைத்தும் விசிறியும் பார்த்தார்கள். மாறவில்லை.

கொரோனா காலத்தில் பல வீடுகளுக்கு வந்துவிட்ட விரல்கவ்வி ஒட்சிமானியை இந்த நோயில் நம்ப வேண்டாம். மெத்தீமோகுளோபின் மிகுந்திருக்கும்போது உண்மை நிலை எவ்வளவு மோசமாக இருந்தாலும் அது 85 என்ற எண்ணைச் சுற்றியே நிற்கும். சரியான அளவைக் காட்ட ஆஸ்பத்திரியில் வேறு கருவி இருக்கிறது.

இந்த நோய் மலையகத்தில் யாருக்கு வரலாம்?

அரிதுதான். ஆனாலும் சில வழிகளை நாம் தெரிந்திருக்க வேண்டும்.

முதலாவது, ஆறு மாதத்துக்குக் குறைந்த கைக்குழந்தைகள். பழுது பார்க்கும் நொதியம் அவர்களுக்குப் பெரியவர்களில் பாதியளவுதான். மரக்கறித் தோட்டங்களுக்குக் கொட்டும் உரத்திலுள்ள நைத்திரேற்று மழையோடு இறங்கிக் கிணற்றிலும் ஊற்றிலும் சேர்கிறது. அந்தத் தண்ணீரில் பால்மா கரைத்துக் கொடுத்தால் குழந்தை நீலம் பாரிக்கலாம் என்பதை 1945இலேயே அமெரிக்காவின் அயோவா மாநிலத்தில் ஹண்டர் கோம்லி என்ற மருத்துவர் எழுதிவிட்டார். குடிநீரில் நைத்திரேற்று ஒரு லீற்றருக்கு 50 மில்லிகிராமைத் தாண்டக்கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரையறை. கொதிக்க வைத்தால் கிருமி சாகும், நைத்திரேற்று போகாது. தண்ணீர் ஆவியாகிக் குறைவதால் அது செறிவடையும். இதைப் பல தாய்மார் அறியாமல் இருக்கிறார்கள். நுவரெலியா, வெலிமடைப் பக்கத்தில் உருளைக்கிழங்கும் கோவாவும் விளையும் மண்ணுக்குக் கீழே கிணறு வைத்திருப்பவர்கள், குழந்தைக்கு ஆறு மாதம் வரை தாய்ப்பால் மட்டும் கொடுங்கள். எத்தனை தடவை சொன்னாலும் எனக்குச் சலிக்காத அறிவுரை இது.

இரண்டாவது, மருந்துகள். தொழுநோய்க்கும் சில தோல் நோய்களுக்கும் கொடுக்கும் டாப்சோன், பல் முளைக்கும் குழந்தையின் ஈறில் தடவும் பென்சோகெயின் கலந்த களிம்பு ஆகியவை இதை உண்டாக்கலாம்.

மூன்றாவது, களைகொல்லி. புரோப்பனில் என்ற நெல்வயல் களைகொல்லியைக் குடித்தவர்களுக்கு இந்த நோய் கடுமையாக வரும். அநுராதபுரம், பொலன்னறுவை போன்ற நெற்பிரதேச ஆஸ்பத்திரிகள் மெதிலீன் நீலத்தை அதிகம் அறிந்திருப்பது அதனால்தான். நம் பக்கத்தில் கண்ட களைகொல்லி வேறு, அவற்றுக்கு இது மாற்று மருந்தாகாது. யாராவது எந்தக் களைகொல்லியைக் குடித்திருந்தாலும், வெற்றுப் போத்தலைக் கையோடு ஆஸ்பத்திரிக்கு எடுத்துச் செல்லுங்கள். பெயர் தெரிந்தால்தான் சிகிச்சை தெரியும்.

ஆஸ்பத்திரியில் இதை எப்படிக் கொடுக்கிறார்கள்?

நாளத்தில் ஊசியாக, மெதுவாக. உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 1 முதல் 2 மில்லிகிராம். ஐம்பது கிலோ எடையுள்ள ஒருவருக்குக் கிலோவுக்கு ஒரு மில்லிகிராம் என்று கணக்கிட்டால், நூற்றுக்கு ஒன்று கரைசலில் வெறும் 5 மில்லிலீற்றர். அதையும் குறைந்தது ஐந்து நிமிடம் எடுத்துச் செலுத்த வேண்டும். போதாவிட்டால் ஒரு மணித்தியாலம் கழித்து இன்னொரு தடவை.

மேல் எல்லை மிக முக்கியம். மொத்த அளவு கிலோவுக்கு 7 மில்லிகிராமைத் தாண்டினால், குணப்படுத்த வந்த அதே நோயை இந்த மருந்தே உண்டாக்கத் தொடங்கிவிடும். இரும்பிடம் கொடுக்க வந்தது இரும்பிடமிருந்து பறிக்க ஆரம்பிக்கும். ஊசி நாளத்தைத் தவறி வெளியே கசிந்தால் அந்த இடத்துச் சதை அழுகலாம். முள்ளந்தண்டுக்குள் போனால் கால் வழங்காமல் போகலாம். இத்தனையும் தெரிந்தவர்கள் பக்கத்தில் நிற்கும்போது கொடுக்கிற மருந்து இது.

வேறு எதற்கும் பயன்படுவதில்லையா?

பயன்படுகிறது. கிருமி குருதியில் பரவி இரத்த அழுத்தம் விழுந்து, மற்ற மருந்துகளுக்கு எழாதபோது தீவிர சிகிச்சைப் பிரிவில் சில நேரம் கொடுப்பார்கள். ஐபொஸ்பமைட் என்ற புற்றுநோய் மருந்தால் மூளை குழம்பினால் கொடுப்பார்கள். சத்திரசிகிச்சையில் நிணநீர் முடிச்சைத் தேடவும், குழந்தைப்பேறில்லாத பெண்களின் கருக்குழாய் அடைத்திருக்கிறதா என்று பார்க்கவும் நிறத்துக்காக ஏற்றுவார்கள். எல்லாம் ஆஸ்பத்திரிக்குள் நடப்பவை.

ஞாபக மறதிக்கும் மூளைக்கும் நல்லது என்கிறார்களே?

இந்த நம்பிக்கை ஆகாயத்திலிருந்து விழவில்லை. அல்சைமர் நோயில் மூளையில் முறுக்கிக்கொள்ளும் டௌ என்ற புரதத்தை மெதிலீன் நீலம் சோதனைக் குழாயில் தடுத்தது. அதை நம்பி, அதன் ஒரு வடிவத்தை மாத்திரையாக்கி நோயாளிகளுக்கு நீண்ட காலம் கொடுத்துப் பார்த்தார்கள். 2016இல் வெளியான பெரிய ஆய்வில், எதிர்பார்த்த பலன் தெரியவில்லை. ஒப்பிட்டுப் பார்க்கும் குழுவுக்கு வெற்று மாத்திரை கொடுத்தால் சிறுநீரின் நிறத்தை வைத்தே யாருக்கு எது என்று தெரிந்துவிடும் என்பதால், அவர்களுக்கும் நிறம் வரும்படி மிகச் சிறிய அளவு சாயம் கொடுத்திருந்தார்கள். உயர்ந்த அளவு எடுத்தவர்கள், அந்தச் சிறிய அளவு எடுத்தவர்களைவிட மேலாக இருக்கவில்லை.

உங்கள் அம்மாவோ அப்பாவோ மறதியால் தடுமாறும்போது எதையாவது செய்ய வேண்டும் என்று மனம் துடிப்பது எனக்குப் புரிகிறது. என் வீட்டிலும் அப்படி ஒருவர் இருந்தார். அந்தத் துடிப்பைக் காசாக்குகிறவர்கள் மீதுதான் எனக்குக் கோபம், நம்பி வாங்குகிறவர்கள் மீது இல்லை.

ஊசிதானே ஆபத்து? சொட்டுச் சொட்டாகக் குடித்தால் என்ன?

குடித்தாலும் குடல் இதை நன்றாகவே உறிஞ்சிக்கொள்கிறது. நூற்றுக்கு ஒன்று கரைசலில் ஒரு சொட்டு ஏறக்குறைய அரை மில்லிகிராம். ஆனால் இணையக் கடைகளில் விற்கும் குப்பிகளில் செறிவு ஒரே மாதிரி இருப்பதில்லை. "பத்துச் சொட்டு" என்று காணொளியில் ஒருவர் சொல்லும்போது அவருடைய குப்பியும் உங்களுடைய குப்பியும் ஒன்றென்று யார் உத்தரவாதம் கொடுப்பது? நோயில்லாதவர் தினமும் குடிப்பதற்கென்று இன்னது பாதுகாப்பான அளவு என்று எந்த மருத்துவ அதிகாரமும் வரையறுக்கவில்லை. குமட்டல், வாந்தி, வயிற்றுவலி, தலைவலி, வியர்வை ஆகியவை சாதாரணமாகக் காணும் பக்க விளைவுகள். அதைவிடப் பெரிய ஆபத்து அடுத்த கேள்வியில் இருக்கிறது.

மனச்சோர்வுக்கு மாத்திரை எடுக்கிறேன். இதையும் எடுக்கலாமா?

கூடாது. இந்தப் பக்கத்தில் ஒன்றை மட்டும் வாசிக்க நேரமிருந்தால் இதை வாசியுங்கள்.

ஒரு மழைநாள் மாலையில் ஓர் அம்மா வந்தார். ஐம்பது வயதிருக்கும். கொழுந்து நிறுத்துவிட்டு நேரே வந்திருந்தார். நெற்றியில் கூடைக் கயிறு அழுத்திய தடம் மறையவில்லை. முந்தானை முடிச்சை அவிழ்த்து ஒரு சிறிய சொட்டுக் குப்பியை மேசையில் வைத்தார். கொழுந்துச் சாறு ஊறிக் கறுத்த விரல்ரேகைகளுக்கு மேலே, பெருவிரல் நகத்தைச் சுற்றிப் புதிதாக ஒரு நீலக் கறை. கொழும்பில் கடையொன்றில் நிற்கும் மகன் பார்சலில் அனுப்பியதாம். உடம்பு அசதிக்கு நல்லது என்று யாரோ அவனுக்குச் சொன்னார்களாம்.

"எத்தனை சொட்டு குடிக்க வேண்டும், மிஸ்?"

"கிளினிக் கொப்பி இருக்கிறதா, அம்மா?"

பிளாஸ்டிக் உறைக்குள்ளிருந்து எடுத்துக் கொடுத்தார். மூலைகள் மழையில் நனைந்து சுருண்டிருந்தன. கடைசிப் பக்கத்தில் மருத்துவரின் கையெழுத்து: சேர்ட்ராலின் 50 மி.கி., காலையில் ஒன்று. நேற்று இரண்டு சொட்டு குடித்துப் பார்த்ததாகச் சொன்னார். நல்ல வேளையாக அவருக்கு ஒன்றும் ஆகியிருக்கவில்லை. கையைப் பிடித்துப் பார்த்தேன், நடுக்கமில்லை, காய்ச்சலில்லை. ஆனாலும் அன்று இரவு எனக்கு நிம்மதியாகத் தூக்கம் வரவில்லை.

காரணம் இதுதான். செரோட்டோனின் என்பது மூளையில் மனநிலையைச் சீராக்கும் ஒரு பொருள். சேர்ட்ராலின், புளுஒக்செட்டின், எஸ்சிட்டலோபிராம், வென்லாபக்சின் போன்ற மாத்திரைகள் அது வீணாகாமல் தேக்கி வைக்கின்றன. தேங்கியதைச் சிதைக்கும் நொதியம் ஒன்று உடலில் உண்டு. மெதிலீன் நீலம் அந்த நொதியத்தை வலுவாக முடக்குகிறது. ஒரு பக்கம் அணையைக் கட்டி, மறுபக்கம் வான்கதவையும் பூட்டிவிட்டால் என்ன ஆகும் என்று காசல்ரீ, மவுசாக்கலை நீர்த்தேக்கங்களைப் பார்த்து வளர்ந்த நமக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

பதற்றம், குழப்பம், கை கால் துடித்தல், நடுக்கம், வியர்வை, வயிற்றோட்டம், கொதிக்கும் காய்ச்சல், தசை விறைப்பு என்று சில மணித்தியாலங்களில் முற்றிவிடும். உயிரும் போயிருக்கிறது. பதிவான சம்பவங்களில் பெரும்பாலானவை ஊசியாக ஏற்றியபோது நடந்தவை. அதற்காகச் சொட்டுக்கு விலக்கு இருக்கிறது என்று யாரும் எண்ண வேண்டாம். அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு நிறுவனம் 2011இல் இதுபற்றி எச்சரித்தது. 2016இல் இந்த ஊசிக்கு முறைப்படி அனுமதி கொடுத்தபோது, இந்த எச்சரிக்கையைக் கட்டம் கட்டி முதலில் போடச் செய்தது.

மனச்சோர்வு மாத்திரை மட்டுமல்ல. வலிக்குக் கொடுக்கும் ட்ரமடோல், வரட்டு இருமல் மருந்தில் இருக்கும் டெக்ஸ்ட்ரோமெதோர்பன், நரம்பு வலிக்கும் தூக்கத்துக்கும் எழுதும் அமிட்ரிப்டிலின் ஆகியவையும் இந்தப் பட்டியலில் உண்டு.

இதைப் படித்துவிட்டு மாத்திரையை நிறுத்திவிடாதீர்கள். நிறுத்த வேண்டியது நீலச் சொட்டை. மாத்திரையை நிறுத்துவதும் மாற்றுவதும் உங்கள் மருத்துவர் முடிவு செய்ய வேண்டியது. புளுஒக்செட்டின் நிறுத்தினாலும் ஐந்து வாரம் வரை உடலில் தங்கும் என்பதால், "நேற்றே விட்டுவிட்டேன்" என்பது போதுமான பாதுகாப்பும் ஆகாது. மனம் தாங்க முடியாமல் இருக்கும் நேரத்தில் பேச ஆள் வேண்டுமானால், தேசிய மனநல நிறுவனத்தின் 1926 என்ற இலக்கம் இருக்கிறது.

ஜி6பிடி குறைபாடு என்றால் என்ன? எனக்கு இருக்கிறதா என்று எப்படித் தெரியும்?

மெதிலீன் நீலம் வேலை செய்ய இலத்திரன் வேண்டும் என்றேன். செங்குழியத்துக்குள் அந்த இலத்திரனைச் சேமித்துக் கொடுக்கும் நொதியம்தான் ஜி6பிடி. சிலருக்குப் பிறவியிலேயே அது குறைவு; தாய்வழியாக வரும், பெரும்பாலும் ஆண்களைப் பாதிக்கும். இவர்களுக்கு மெதிலீன் நீலம் பலன் தராது. மாறாக, செங்குழியங்கள் உடைந்து நொறுங்கும்: கண் மஞ்சளாகும், சிறுநீர் கறுக்கும், குருதி சட்டென்று வற்றும்.

குறைபாடு இருப்பவர் வாழ்நாள் முழுக்க நலமாக இருந்து, ஒரு மருந்து உட்கொண்ட அன்றுதான் அது வெளிப்படலாம். இலங்கை 2016இல் மலேரியா அற்ற நாடாக அறிவிக்கப்படுவதற்கு முன்னர், பிரைமாகுயின் மாத்திரை கொடுத்த காலத்திலும் மருத்துவர்கள் அஞ்சியது இதையே. குருதிப் பரிசோதனையில் தெரிந்துகொள்ளலாம். பூச்சி உருண்டை வைத்த துணியை உடுத்திய பிறகு வீட்டில் ஒரு குழந்தைக்கு மஞ்சள் பாரித்தது என்று ஒரு கதை இருந்தால், அதை மருத்துவரிடம் அவசியம் சொல்லுங்கள்.

கர்ப்பிணிகள்?

கூடவே கூடாது. முன்பு இரட்டைக் கர்ப்பத்தில் அடையாளத்துக்காகப் பனிக்குட நீரில் இந்தச் சாயத்தைச் செலுத்தியபோது, பிறந்த குழந்தைகளின் குடல் அடைபட்டிருந்தது. பேறுகாலத்தை ஒட்டிக் கொடுத்தால் குழந்தைக்கு மஞ்சட் காமாலையும் குருதிச் சிதைவும் வந்திருக்கின்றன. பாலூட்டும் தாய்க்கு உயிர்காக்க இந்த ஊசி போட வேண்டி வந்தால், அதன்பின் எட்டு நாள் வரை பாலூட்டுவதை நிறுத்தச் சொல்வார்கள்.

அலங்கார மீன் கடையில் மலிவாகக் கிடைக்கிறதே?

அது மீன் முட்டையில் பூஞ்சணம் பிடிக்காமலிருக்க விற்பது. மனிதர் உட்கொள்ளும் தரத்துக்குச் சுத்திகரிக்கப்பட்டதல்ல. வேறு சாயங்களும் ஈயம், ஆசனிக்கு போன்ற உலோகங்களும் கலந்திருக்கலாம். தொட்டிக்கு வாங்கினால் தொட்டியோடு நிற்கட்டும்.

சிறுநீர் நீலமாகப் போகிறது. பயப்பட வேண்டுமா?

நிறத்துக்காக மட்டும் பயப்பட வேண்டாம். நீலமாகவோ பச்சையாகவோ போய், சில நாளில் தெளிந்துவிடும். சிறுநீர் கறுத்தாலோ கண் மஞ்சளானாலோ உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

சிறுவயதில் தோட்ட மருந்துச்சாலையில் வாய்ப்புண்ணுக்குப் பூசிய ஊதா மருந்து இதுதானா?

அது ஜென்சன் வயலட். வேறு சாயம். பஞ்சு சுற்றிய குச்சியை ஊதாக் குப்பியில் தோய்த்து, வாயைத் திற என்று பூசிவிட்டபின், பள்ளிக்கூடம் முழுக்க ஊதா உதடோடு திரிந்தவர்களில் நானும் ஒருத்தி. அதற்குப் பூஞ்சணத்தையும் சில கிருமிகளையும் கொல்லும் சக்தி உண்மையாகவே உண்டு. குழந்தைகளின் வாய்ப்புண்ணுக்கு நூற்றுக்குக் கால் பங்கு என்று நீர்த்த கரைசலைப் பூசும்படி உலக சுகாதார நிறுவனமும் வழிகாட்டியிருக்கிறது. நீர்க்காமல் பூசினால் அதுவே புண்ணாக்கும். திறந்த காயத்தில் பூசினால் பச்சை குத்தியதுபோல் நிறம் தங்கிவிடலாம். விலங்குகளுக்கு நீண்ட காலம் உணவில் கொடுத்தபோது புற்றுநோய் வந்ததால், கனடாவின் சுகாதாரத் துறை 2019இல் இதைப் பயன்படுத்த வேண்டாமென்று எச்சரித்தது. சிறுவயதில் இரண்டு தடவை பூசியதை நினைத்து இப்போது கலங்க வேண்டியதில்லை. இன்று அதைவிட நல்ல மருந்துகள் இருக்கின்றன. பழைய குப்பியை வீட்டில் வைத்திருந்து முலைக்காம்பிலும் குழந்தை வாயிலும் பூச வேண்டாம்.

சாய மருந்துகளின் கதையில் நம் நாட்டுக்கும் ஓர் இடம் உண்டு. சேற்றுப்புண்ணுக்குத் தடவும் கருஞ்சிவப்புப் பூச்சு ஒன்று காஸ்டெல்லானியின் பெயரைத் தாங்கியது. அல்டோ காஸ்டெல்லானி என்ற அந்த இத்தாலிய மருத்துவர் 1903 முதல் 1915 வரை கொழும்பில் பணியாற்றியவர். மழையில் ஈரக் காலோடு மலையேறுகிறவர்களுக்கு விரலிடுக்கில் வரும் புண் எப்படிப்பட்டது என்று அறிந்த எவருக்கும், அந்தப் பூச்சின் தேவை புரியும்.

வீட்டில் குழந்தை குப்பியை எடுத்துக் குடித்துவிட்டது. என்ன செய்வது?

வாந்தியெடுக்க வைக்காதீர்கள். வாயைத் துடைத்துவிட்டு, குப்பியோடு அருகிலுள்ள ஆஸ்பத்திரிக்குப் போங்கள். வாகனம் இல்லாவிட்டால் 1990 சுவசெரிய அம்பியூலன்ஸை அழையுங்கள், இலவசம். லயத்துக்கு வரும் பாதை கரடுமுரடாக இருந்தால், டிவிஷன் பெயரையும், பிள்ளையார் கோயிலடி, பிரட்டுக்களம் என்று சந்திக்கும் இடத்தையும் தெளிவாகச் சொல்லுங்கள். எவ்வளவு குடித்தது, எத்தனை மணிக்கு, குழந்தை வேறு என்ன மருந்து எடுக்கிறது என்ற மூன்றையும் மருத்துவரிடம் சொல்லுங்கள். மேலதிக ஆலோசனைக்குக் கொழும்பு தேசிய வைத்தியசாலையில் உள்ள நச்சுத் தகவல் நிலையத்தை அவர்கள் தொடர்புகொள்வார்கள்.

கையிலும் துணியிலும் பட்ட கறை போகுமா?

தோலில் பட்டது சவர்க்காரம் போட்டுக் கழுவக் கழுவ, சில நாளில் உரிந்து போகும். நகக்கண்ணில் இருப்பது கொஞ்சம் தாமதமாகும்.

அந்த அம்மா தன் குப்பியை என்னிடமே விட்டுவிட்டுப் போனார். மேல் தட்டில் வைத்திருந்தேன். மூடி சரியாக இறுகாமல், ஒரு காலை வந்து பார்த்தபோது வெள்ளை மேசையில் உள்ளங்கையளவு நீலம் பரவியிருந்தது. துடைக்கத் துடைக்கப் பெரிதானது. கடைசியில் இரண்டு விற்றமின் சி மாத்திரைகளைப் பொடியாக்கி, தண்ணீரில் குழைத்து அதன்மேல் பூசிவிட்டுக் காத்திருந்தேன். ஓரங்களிலிருந்து நீலம் வெளுத்து, சிறிது நேரத்தில் மேசை வெள்ளையானது. விற்றமின் கொடுத்த இலத்திரனை வாங்கிக்கொண்டு சாயம் நிறமிழந்துவிட்டது. செங்குழியத்துக்குள் நடப்பதும் இதுதான். துணிக்கும் இதையே செய்து பாருங்கள், பிறகு நன்றாக அலசுங்கள்.